சங்கிலிக்குக் காத்திருக்கும் நிலம்

1938-ஆம் ஆண்டு மே மாதம். அருணாசல மலை யாருக்குச் சொந்தம் என்று அரசாங்கத்துக்கும் அருணாசலேசுவரர் தேவஸ்தானத்துக்கும் வழக்கு நடந்துகொண்டிருந்தது. தேவஸ்தானம் தன் தரப்புச் சாட்சியாக ரமண மகரிஷியைக் காட்டியிருந்தது. அவர் ஆசிரமத்தை விட்டு எங்கும் போகிறவர் இல்லை. கமிஷன் வைத்து விசாரித்தார்கள். 1896 செப்டம்பர் 1 அன்று திருவண்ணாமலைக்கு வந்தவர், விரூபாட்ச குகையிலும் கந்தாசிரமத்திலும் இருபது ஆண்டுக்கு மேல் மலைமேலேயே இருந்தவர், தாயார் 1922-ல் சமாதியான பிறகு அடிவாரத்துக்கு இறங்கியவர். மலையைப் பற்றிச் சொல்ல அவரைவிடத் தகுந்த சாட்சி ஏது? சிவன் பரம்பொருளாகவும் இலிங்கமாகவும் சித்தராகவும் மூன்று வடிவில் இருக்கிறார், இங்கே இந்த மலைதான் இலிங்கம் என்று அவர் சொன்னதை முனகால வெங்கடராமய்யா தம் குறிப்புகளில் எழுதிவைத்திருக்கிறார்.

அடியார்கள் அந்தப் பதிலை நெஞ்சில் வைத்துப் போற்றுகிறார்கள். அதைச் சொல்ல வைத்த கேள்வியையும் நாம் கொஞ்சம் கவனிக்க வேண்டும். ஒரு பக்கம் சர்க்கார், மறுபக்கம் தமிழகத்தின் பெருங்கோயில்களில் ஒன்று. இரண்டுமே பழமையும் பலமும் உள்ள தரப்புகள். அவற்றுக்கே தங்கள் நிலம் எது என்று சொல்ல ஒரு நீதிமன்றம் தேவைப்பட்டது. அப்படியிருக்க, அதே மலையடிவாரத்தில் நாலு சென்ட் மனை வைத்திருக்கும் குடும்பம் என்ன செய்யும்?

ஆசிரமத்தைச் சுற்றியுள்ள நிலத்தின் கதை ஒரு தலைமுறைக்குள் தலைகீழாகிவிட்டது. செங்கம் சாலை ஓரமும் ரமண நகரும் அக்ரஹாரக் கொல்லையும் அத்தியந்தல் பக்கமும் ஒரு காலத்தில் வானம் பார்த்த பூமி. மல்லாட்டை போட்ட கொல்லையில் வரப்பு ஒரு முழம் அந்தப் பக்கம் போனால் பங்காளிகள் மரத்தடியில் உட்கார்ந்து பேசித் தீர்த்தார்கள். இன்று அந்த ஒரு முழத்தில் காம்பவுண்டு சுவர் நிற்கிறது, அதை ஒட்டி இரண்டு மாடி விடுதி நிற்கிறது. தாத்தா எழுதிய பத்திரத்தில் சென்ட் கணக்கு, மகன் வாங்கிய மனையில் சதுரடிக் கணக்கு, பட்டாவில் ஹெக்டேர், ஏர் கணக்கு. மூன்றும் ஒன்றோடொன்று ஒத்துப்போக வேண்டும்; பல இடங்களில் ஒத்துப்போவதில்லை. ஒரு சர்வே எண் பிள்ளைகளுக்கும் பேரன்களுக்கும் பிரிந்து, பிரித்ததை விற்று, விற்றதை மறுபடி பிரித்து, உட்பிரிவு எண்ணே ஒரு வரி நீளத்துக்கு வளர்ந்துவிட்டது. அதில் எத்தனை உட்பிரிவுக்குத் தரையில் கல் நட்டிருக்கிறார்கள் என்று கேட்டால் பதில் சங்கடமானது.

எல்லைச் சண்டை வந்ததும் எவரும் முதலில் செய்வது, தாலுகா அலுவலகத்தில் பணம் கட்டி அளந்து தரச் சொல்லி மனுப் போடுவது. 2023-லிருந்து அந்த மனுவை வீட்டிலிருந்தே இணையத்தில் போடலாம். அது நல்ல மாற்றம்தான். ஆனால் மனு போகும் வேகத்தில் ஆள் வருவதில்லை. "சர்வேயர் கேம்ப்ல இருக்கார்", "தேர்தல் வேலை", "அடுத்த வாரம் பார்க்கலாம்" என்று மாதங்கள் கழியும். அதற்குள் பக்கத்து மனையில் கடைக்கால் தோண்டி, பில்லர் எழும்பி, தளமும் போட்டுவிடுவார்கள். கட்டடம் ஏறிய பிறகு அளப்பதற்கும், ஏறுவதற்கு முன் அளப்பதற்கும் உள்ள வேறுபாடு அந்தக் குடும்பத்துக்குத்தான் தெரியும். முன்பே அளந்திருந்தால் அரை நாள் பேச்சில் முடிந்திருக்கும்; பிறகு என்றால் அது பத்தாண்டு வழக்கு.

அளக்கிற வேலையையும் அருகில் போய்ப் பார்க்க வேண்டும். சர்வேயர் கையில் எஃப்.எம்.பி. என்று எல்லோரும் சொல்கிற புலப்படத்தின் நகல் இருக்கும். அதில் புலத்தின் மூலைக் கற்களை இணைக்கும் ஜி-லைன், அதிலிருந்து வளைவுகளுக்குச் செங்குத்தாக எடுத்த அளவுகள், சுற்றிலும் எல்லையான எஃப்-லைன். கணக்கு சுத்தமானது. ஆனால் கணக்கைத் தரையில் தொடங்க ஒரு கல்லாவது கிடைக்க வேண்டும். மூன்று புலங்கள் கூடும் முச்சந்திக் கல்லைத் தேடி அவர் நடப்பார். அது தார்ச் சாலைக்கு அடியில் போயிருக்கும், அல்லது யாரோ வீட்டு வாசற்படியாகக் கிடக்கும். அது இல்லையென்றால் அடுத்த புலத்துக் கல், அதுவும் இல்லையென்றால் அதற்கடுத்தது. ஒரு மனையை அளக்கப் போனவர் நாலு புலம் தாண்டி நிற்பார். பக்கத்து நிலக்காரர் அளவைச் சங்கிலியை மிதித்துக்கொண்டு நின்றால் அன்றைய வேலை அதோடு சரி. அடுத்த முறை போலீஸ் பாதுகாப்போடு வர வேண்டும். தாமதம் முழுவதையும் சர்வேயரின் சோம்பல் என்று சொல்வது அநியாயம். 2022-ல் நில அளவர், வரைவாளர் பதவிகளுக்குத் தேர்வாணையம் ஒரே அறிவிப்பில் 1,089 இடங்களுக்கு ஆள் கேட்டது. அத்தனை நாற்காலிகளை அதுவரை காலியாக விட்டது களத்தில் வெயிலில் நிற்கிற ஊழியர் இல்லை.

அளப்பது அரசின் வேலை என்பது இந்த மண்ணில் புதிதல்ல. இராஜராஜன் காலத்தில், ஏறத்தாழ 1001-ல், சோழநாடு முழுவதையும் அளந்தார்கள். தானம் கொடுத்த ஊருக்கு நாட்டார் முன்னிலையில் பிடியானையை எல்லை சுற்றி நடத்தி, கல்லும் கள்ளியும் நட்டார்கள். சிவன் கோயில் நிலத்தில் சூலம் பொறித்த கல், பெருமாள் கோயில் நிலத்தில் ஆழி பொறித்த கல். நாகப்பட்டினம் சூளாமணி விகாரத்துக்கு ஆனைமங்கலத்தைக் கொடுக்க இராஜராஜன் ஆணையிட்டது 21-ஆம் ஆட்சியாண்டில். எல்லை நடந்து ஓலை எழுதி முடிந்தது 23-ஆம் ஆட்சியாண்டில். பேரரசனின் வாய்ச்சொல்லுக்கே தரையில் இறங்க அவ்வளவு காலம் பிடித்தது. ஆனால் அந்த முறையில் ஊரே சாட்சி. யானை நடந்த வழியைப் பார்த்தவர்கள் ஊர் முழுக்க இருந்தார்கள்.

கிழக்கிந்தியக் கம்பெனி ஆட்சியில் அந்த அறிவு ஊரிடமிருந்து காகிதத்துக்குப் போனது. 1792-ல் பாராமகாலைப் பிடித்தபின் கம்பெனி அதிகாரிகள் ரீடும் மன்றோவும் அங்கே ரயத்துவாரி முறையைத் தொடங்கினார்கள். வரி ஒவ்வொரு குடியானவனிடமும் நேரே வாங்குவதென்றால் ஒவ்வொருவன் நிலத்துக்கும் அளவு வேண்டும். 1802-ல் பரங்கிமலையில் லாம்ப்டன் தொடங்கிய முக்கோண அளவை பூமியின் வடிவத்தையும் தேச வரைபடத்தையும் தேடியது; குடியானவனின் வரப்பைத் தேடி வந்தது 1858-ல் தொடங்கிய ரெவின்யூ சர்வே. 1860-லும் 1897-லும் எல்லைச் சட்டங்கள் வந்தன. கடைசியாக வந்ததுதான் இன்றும் நம்மை ஆளும் 1923-ஆம் ஆண்டின் 8-ஆம் சட்டம், நில அளவை மற்றும் எல்லைகள் சட்டம்.

இந்தச் சட்டத்தைப் பொறுமையாகப் படித்தால் ஒரு பக்கச் சாய்வு கண்ணில் படும். அளவை முடிந்ததாக அறிவிப்பு வந்துவிட்டால் அந்தப் பதிவே எல்லைக்கு முடிவான சான்று. சிவில் நீதிமன்றம் மாற்றினால்தான் மாறும். அதை எதிர்த்து வழக்குப் போட நிலக்காரருக்கு 3 ஆண்டு கெடு. மேல்முறையீட்டுக்கு அதைவிடக் குறுகிய கெடு. எல்லைக் கல்லைக் காத்துப் பழுது பார்ப்பது நிலக்காரர் கடமை. தவறினால் அரசே நட்டுவிட்டு செலவை அவரிடம் வசூலிக்கலாம். எல்லாக் கெடுவும் குடிமக்களுக்கு. என் நிலத்தை அளந்து தா என்று பணம் கட்டிக் கேட்டவருக்கு எத்தனை நாளில் அளந்து தர வேண்டும் என்று அரசின் மேல் ஒரு கெடு அந்தச் சட்டத்தில் இல்லை. தனியார் ஒருவரை வைத்து நாமே துல்லியமாக அளந்தாலும், பதிவேட்டின் முன் அது செல்லாது. அளக்கும் அதிகாரத்தை முழுவதுமாகத் தன்னிடம் வைத்துக்கொண்ட அரசு, அளக்காமல் இருந்தால் அது வெறும் தாமதம் ஆகாது. வேறு வாசலே இல்லாத இடத்தில் கதவைச் சாத்துவது அது.

1979-க்கும் 1987-க்கும் இடையே நடந்த யு.டி.ஆர். என்ற பதிவேடு மேம்பாட்டுப் பணியின் பிழைகள் இந்தச் சிக்கலைப் பெருக்கின. பெயர் மாறியது, பரப்பு குறைந்தது, பட்டா நிலம் புறம்போக்கானது என்று இன்றும் தாலுகா அலுவலகங்களில் மனுக்கள் வருகின்றன. அந்தப் பணி பாதியில் இருக்கும்போதே, 1980 நவம்பர் 14 அன்று, பரம்பரைக் கணக்குப்பிள்ளை, மணியக்காரர் பதவிகளை அரசு ஒழித்தது. 1982-ல் உச்ச நீதிமன்றமும் அதைச் சரி என்றது. பரம்பரையாக ஒரு சில குடும்பங்களின் கையில் ஊர்க்கணக்கு சிக்கியிருந்தது கொடுமைதான்; ஒழித்தது சரிதான். ஆனால் எந்த மரத்தடியில் எந்தக் கல் புதைந்திருக்கிறது என்று தெரிந்தவர்கள் வெளியேறிய அதே நேரத்தில் பதிவேடுகளைப் புதிதாக எழுதினோம். அந்த இரண்டையும் ஒன்றாகச் செய்ததற்கான விலையை இன்றைய மனுதாரர் கொடுத்துக்கொண்டிருக்கிறார்.

இனி நீதிமன்ற வாசலுக்கு வருவோம். வேலையைச் செய்யாத அதிகாரியைச் செய்ய வைக்கும் ஆணை, மாண்டமஸ் என்கிற செயலுறுத்தும் பேராணை, இங்கிலாந்தில் நெடுங்காலமாக இருந்தது. வெள்ளையர் ஆட்சியில் அதன் சாயல் ஒன்று 1877-ன் குறித்தவகைத் துயர்தீர்ப்புச் சட்டத்தின் 45-ஆம் பிரிவில் இருந்தது. ஆனால் கல்கத்தா, சென்னை, பம்பாய் உயர் நீதிமன்றங்கள் தங்கள் நகர எல்லைக்குள் மட்டுமே அதைப் பயன்படுத்த முடியும். அரசாங்கத்தைக் கட்டுப்படுத்தும் ஆணையும் போட முடியாது. மயிலாப்பூர்க்காரருக்கு ஓரளவு வழி இருந்தது, திருவண்ணாமலைக்காரருக்கு இல்லை.

1943-ல் பிரிவி கவுன்சில் இதை இன்னும் இறுக்கியது. கஞ்சம் மாவட்டத்துக் கரபந்தோ முதலிய ஊர்களின் ரயத்துகள், பர்லாக்கிமேடி ஜமீன்தாரின் நிலவரி உயர்வை எதிர்த்து சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்தார்கள். வரியை முடிவு செய்த ரெவின்யூ போர்டு சென்னையில்தான் இருந்தது. ஆனாலும் நிலமும் கட்சிக்காரர்களும் நகருக்கு வெளியே இருப்பதால் உயர் நீதிமன்றத்துக்கு அந்த அதிகாரம் கிடையாது என்று லண்டனில் தீர்ப்பானது. அதிகாரியின் நாற்காலி சென்னையில், அவர் முடிவைத் தாங்குகிற மண் மட்டும் சட்டத்துக்கு வெளியே. அந்த நாட்களில் ரமணாசிரமத்துப் பக்கம் ஒரு குடியானவன் வரப்புக்காக எத்தனை மனுப் போட்டாலும் தாசில்தாரைக் கேள்வி கேட்கும் ரிட் என்ற ஒன்று அவனுக்கு எட்டவே எட்டாது.

1950 ஜனவரி 26 அன்று அந்தச் சுவர் விழுந்தது. அரசியலமைப்பின் 226-ஆம் உறுப்பு, மாநிலம் முழுவதற்கும், அரசாங்கம் உட்பட எவருக்கும், உயர் நீதிமன்றம் ஆணையிடலாம் என்றது. நம் மக்கள் பெற்ற உரிமைகளில் இதன் அருமையை நாம் போதிய அளவு சொல்வதில்லை என்றே நினைக்கிறேன். கஞ்சத்து ரயத்துகளுக்கு மறுக்கப்பட்டது அத்தியந்தல் விவசாயிக்குக் கிடைத்தது.

கிடைத்ததை நாம் எப்படிப் பயன்படுத்துகிறோம் என்பதில்தான் மனம் நோகிறது. அளவை தாமதமானதற்காகப் போடும் ரிட் மனுக்களில் வழக்கமாக வரும் ஆணை எல்லா வக்கீலுக்கும் மனப்பாடம். மனுதாரரின் மனுவை எதிர்த்தரப்புக்கும் அறிவிப்புக் கொடுத்து, சட்டப்படியும் தகுதியின் அடிப்படையிலும், இன்ன வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும். வழக்கின் தகுதி பற்றி இந்த நீதிமன்றம் எதுவும் சொல்லவில்லை. அவ்வளவுதான். பார்த்தால் நியாயமான வாசகம். ஆனால் இதில் அளக்கச் சொல்லி ஒரு சொல் இல்லை. பரிசீலித்து 'பதிவேடுகள் சரிபார்ப்பில் உள்ளன' என்று ஒரு கடிதம் அனுப்பினாலும் ஆணை நிறைவேறியதாகிவிடும். இந்தப் 'பரிசீலி' ஆணைகள் எவ்வளவு குழப்பம் உண்டாக்குகின்றன என்று 2008-ல் சி. ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றமே எச்சரித்தது. அது பணி நீக்க வழக்கு. பழைய கோரிக்கைகளுக்கு உயிர் கொடுக்கும் ஆபத்தைப் பேசியது. நில அளவையில் ஆபத்து வேறு மாதிரி: உயிரோடு இருக்கிற கோரிக்கையை அது மெதுவாகத் தூங்க வைக்கிறது.

ஆணையை மதிக்காவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு. 1971-ன் சட்டப்படி ஓராண்டுக்குள் போட வேண்டும். போட்டதும் ஒரு நாள் காலையில் சர்வேயர் வந்து நிற்பார். இரண்டு முறை சென்னை வழக்கறிஞருக்குப் பணம் கட்டினால் அரசின் சங்கிலி வரும். மதுரைக் கிளை 2004-லிருந்து இருக்கிறது. ஆனால் திருவண்ணாமலைக்குச் சென்னைதான்.

இதில் என்னை மிகவும் உறுத்துவது வேறு. தாலுகா அலுவலகத்தில் அளவை மனுக்கள் வரிசையாக இருக்கின்றன. ரிட் போட்டவரின் மனு மேலே வருகிறது. அப்போது யாருடையது கீழே போகிறது? வழக்கறிஞர் வைக்க முடியாத விதவையின் மனு, கூலிக்குப் போகிற குடும்பத்தின் மனு. நீதிமன்றம் ஒருவருக்குத் தீர்வு தரும்போதெல்லாம் வரிசையில் பின்னால் இருப்பவர் இன்னும் பின்னால் போகிறார். தாமதத்துக்கு மருந்தாக வந்த ரிட், நாளடைவில் அவசரக் கட்டணமாக மாறிவிடுகிறது. கெட்ட எண்ணம் யாருக்கும் இல்லாமலே இது நடக்கிறது.

சிவில் நீதிமன்ற வழி இன்னும் நீண்டது. அரசைக் கட்சியாகச் சேர்த்தால் 80-ஆம் பிரிவு அறிவிப்புக் கொடுத்து 2 மாதம் காத்திருக்க வேண்டும். பிறகு 26-ஆம் கட்டளை 9-ஆம் விதிப்படி வழக்கறிஞர் ஆணையர். அவர் தாலுகா சர்வேயரைத் துணைக்கு அழைக்க வேண்டும். சுற்றிச் சுற்றி அதே சர்வேயர், அதே சங்கிலி. ஆனால் உண்மையான உரிமைத் தகராறு என்றால் அங்கேதான் போக வேண்டும் என்பதையும் சொல்லியாக வேண்டும். சர்வேயர் நடும் கல் எல்லையைக் காட்டும். நிலம் யாருடையது என்று தீர்ப்புச் சொல்லாது. ரிட் மனுவில் அதைக் கேட்பவர்களை நீதிபதிகள் திருப்பி அனுப்புவது சரியே. தகராறு இல்லாத எளிய அளவையையும் அதே காரணம் சொல்லித் திருப்பி அனுப்புவதுதான் சரியில்லை. பல தகராறுகள் அளக்காததால் பிறந்தவை. அளந்தால் அவற்றில் பாதி பிறக்கவே பிறக்காது.

தாமதத்தால் அரசும் தோற்கிறது. 2007-ன் ஏரிகள் பாதுகாப்புச் சட்டத்தில் முதலில் ஏரியை அளந்து எல்லை குறிக்க வேண்டும். பிறகுதான் ஆக்கிரமிப்பை அகற்ற முடியும். அளவை நின்றால் ஏரியும் போகும். 2024 டிசம்பர் 1 அன்று ஃபெஞ்சல் புயல் மழையில் இதே மலையின் வேறொரு சரிவில், வ.உ.சி. நகரில், மண்ணும் பாறையும் சரிந்து 7 பேர் மாண்டார்கள். அவர்களில் குழந்தைகளும் இருந்தார்கள். அந்தக் குடும்பங்கள் மேல் எந்தப் பழியும் இல்லை. மலை எங்கே முடிகிறது, குடியிருக்கத் தகுந்த மண் எங்கே தொடங்குகிறது என்று கோடு போட்டு, அந்தக் கோட்டைத் தரையில் கல்லாக நட்டுக் காக்கும் கடமை ஏழைகளுடையது அல்ல.

நீதிமன்றத்தால் இதைவிட அதிகம் செய்ய முடியும். கட்டணம் செலுத்தி, பத்திரமும் பட்டாவும் காட்டிய மனுவில் பரிசீலிக்க என்ன இருக்கிறது? 'இன்ன தேதியில் அளக்கவும், அக்கம்பக்கத்தாருக்கு முன்கூட்டியே அறிவிக்கவும், கையெழுத்திட்ட வரைபடத்தை இத்தனை நாளில் தரவும், கல் கிடைக்கவில்லை என்றால் அதை எழுத்தில் சொல்லவும்' என்று ஆணை இருக்கலாம். 1993-ல் லக்னோ வளர்ச்சி ஆணைய வழக்கில், வேலையை இழுத்தடித்து மக்களை அலைக்கழித்ததற்கு இழப்பீடு தரலாம், அதைப் பொறுப்பான அதிகாரிகளிடம் வசூலிக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் வழி காட்டியது. 1997-ல் வினீத் நாராயண் வழக்கில், ஆணை போட்ட பிறகும் வழக்கை மூடாமல் கண்காணிக்கும் முறையைக் கையாண்டது. ஒரு தாலுகாவிலிருந்து ஒரே மாதிரி மனுக்கள் குவியும்போது, அந்த ஒரு மனுவோடு நிற்காமல், நிலுவைப் பட்டியல் முழுவதையும் கொண்டுவா என்று கேட்க உயர் நீதிமன்றத்துக்குத் தடை எதுவும் இல்லை. அப்போது வரிசையில் கடைசியில் இருப்பவரின் மனுவும் நீதிபதியின் மேசைக்கு வரும்.

சட்டமன்றம் செய்ய வேண்டியது இதைவிட எளிது. தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005-ல் 30 நாள் கெடு வைத்தது. தாண்டினால் நாளுக்கு 250 ரூபாய், அதிகபட்சம் 25,000 ரூபாய் அபராதம் என்றது. ஒரு தகவலுக்கு வைத்த கெடுவை ஒரு வரப்புக்கு வைக்க முடியாதா? மத்தியப் பிரதேசம் 2010-லேயே சேவைகளுக்குக் கெடு விதிக்கும் சட்டம் கொண்டுவந்தது. கர்நாடகம் சகாலா என்று பின்தொடர்ந்தது. நம் 1923-ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஒரு பிரிவு சேர்த்தால் போதும்: அளவை மனுவுக்குக் கெடு, கெடு தாண்டினால் காரணம் எழுத்தில், காரணம் இல்லையென்றால் அபராதம். அதோடு அந்தக் கெடுவைத் தாங்குமளவுக்கு ஆட்களையும் கருவிகளையும் கொடுக்க வேண்டும். இல்லையென்றால் அபராதம் மறுபடியும் களத்து ஊழியர் தலையில்தான் விழும்.

அதுவரை காத்திருக்காமல் மாவட்ட ஆட்சியர் ஒருவரே தொடங்கக்கூடிய காரியம் ஒன்று உண்டு. பசலி ஆண்டு ஜூன் 30-ல் முடிகிறது. அதையொட்டி ஒவ்வொரு தாலுகாவிலும் ஜமாபந்தி நடக்கிறது, ஊர்க் கணக்குகளை மக்கள் முன்னிலையில் தணிக்கை செய்கிறார்கள். அந்தக் கணக்குகளோடு நிலுவையில் உள்ள அளவை மனுக்களின் பதிவேட்டையும் வைக்கலாம். மனுப் போட்ட தேதி வாரியாக, ஊர் வாரியாக, வரிசை எண்ணோடு அதை உரக்கப் படிக்கலாம். முன்னால் போட்டவரை விட்டு எந்த மனுவாவது முன்னே போயிருந்தால் அதற்கான காரணத்தையும் அங்கேயே சொல்லலாம். திருவண்ணாமலைத் தாலுகாவில் அடுத்த ஜமாபந்திக்கே இதைச் செய்யலாம். புதுச் சட்டம் தேவையில்லை, அரசாணைகூடத் தேவையில்லை.